சனி மூலையில் இருபத்தெட்டுக் கிண்ணம்

ஆகஸ்ட் மாதம், செவ்வாய்க்கிழமை, பிற்பகல் இரண்டு நாற்பது. சுவீடன் கவிஞர் ஒருவரின் எழுத்துகளைத் தொகுக்கும் தொகுப்பாளர் அங்கிருந்து அனுப்பிய மின்னஞ்சல். ஆங்கிலத்தில் இருந்ததை என் நோட்டில் தமிழில் இப்படி எழுதி வைத்திருக்கிறேன்:

“ஐயா, தாங்கள் அனுப்பிய புகைப்படத்துக்கு நன்றி. எங்கள் கவிஞர் சனிக்கிழமை பிறந்தவர் என்றும், நூல்களில் உள்ள பிறந்த தேதி தவறு என்றும் எழுதியிருந்தீர்கள். அவர் பிறந்த ஊரின் தேவாலயப் பதிவேட்டை நேரில் பார்த்தேன். தேதியில் ஐயமில்லை. அது வியாழக்கிழமை. படத்தில் உள்ள பெண் சனிக்கிழமை பிறந்தவர் என்பதில் தாங்கள் உறுதியாக இருந்தால், அவர் எங்கள் கவிஞர் அல்ல என்றே நான் கொள்ள வேண்டியிருக்கிறது. முகமும் தெளிவாக இல்லை. தங்கள் சகோதரியைப் பற்றிய குறிப்பைச் சேர்க்க வேறு ஆதாரம் தேவை. தொகுதி அக்டோபர் கடைசியில் அச்சுக்குப் போகிறது.”

மூன்று முறை படித்தேன். நான்காவது முறை படிப்பதற்குள் மின்சாரம் போய்விட்டது. யாங்கோனில் எங்கள் தெருவுக்கு அன்று மின்சாரம் தரும் முறை மூன்று மணியோடு முடிகிறது. இருட்டிய திரைக்கு முன்னால் உட்கார்ந்து யோசித்தேன். அக்காவிடம் இருந்த ஒரே சாட்சி அந்தப் படம்தான். அதை நானே, கேட்காத ஒரு திருத்தத்தை எழுதியனுப்பி, அவளுக்கு எதிரான சாட்சியாக மாற்றிவிட்டேன்.

இந்தக் கட்டுரையில் யாருடைய பெயரும் வராது. அக்கா போட்ட நிபந்தனை அது. “என் பேரு அந்தப் புத்தகத்துல வரட்டும். உன் கட்டுரைல வேணாம்” என்றாள். ஆண்டுகளையும் விட்டுவிடுகிறேன். கவிஞரின் ஆண்டுகளைச் சொன்னால் ஆளைச் சொன்னதாகிவிடும். ஆண்டு இல்லாமல் எழுதுவது எனக்கு உப்பில்லாமல் சாப்பிடுவது போலத்தான். பதினேழு வயதிலிருந்து நாள், கிழமை, நேரம் போட்டு நோட்டு எழுதிவருகிறேன். கப்பல் சரக்கு ஆவணங்கள் தயாரிக்கும் வேலை, தேதி தவறினால் பெட்டி துறைமுகத்தில் நின்றுவிடும். அந்தப் பழக்கம் வீட்டுக்கும் வந்துவிட்டது.

அந்தக் கவிஞரைப் பற்றி நான் தொகுத்து வைத்திருப்பதில் தேவையானதை மட்டும் சொல்கிறேன்.

சுவீடனின் வடக்கே, காடும் ஆறும் உள்ள ஒரு சிற்றூரில் பிறந்தவர். அப்பா ஆற்றில் மரம் மிதக்கவிடும் தொழிலாளி. வெட்டிய மரங்கள் நீரோட்டத்தில் போகும்போது ஒன்றோடொன்று சிக்கிக்கொள்ளும். நீண்ட கொக்கிக் கழியால் அவற்றைப் பிரித்துவிடுவது அவர் வேலை. மகள் பள்ளி முடித்ததும் தொலைபேசி நிலையத்தில் இணைப்புக் கொடுக்கும் வேலைக்குப் போனார். யார் யாரோ பேசுவது காதில் விழுந்துகொண்டே இருக்கும். மனிதர்கள் வாக்கியத்தை முடிக்காமல் பேசுகிறார்கள் என்பதை அங்கேதான் கற்றேன் என்று பிற்காலத்தில் சொல்லியிருக்கிறாராம். முதல் கவிதை நூல் மெலிந்த புத்தகம். இரண்டாவது அதைவிட மெலிந்தது. அதற்குப் பிறகு வானொலி நாடகங்கள். பனிக்காலத்தில் தூங்க மறுக்கும் ஒரு கரடியைப் பற்றிக் குழந்தைகளுக்கான பாடல் வரிசை. பிறகு திரைக்கதை. முதல் இரண்டு படங்கள் நன்றாகப் போயின. மூன்றாவது விழுந்தது. விழுந்தபின் மூன்று வருடம் வெளிநாட்டுப் படங்களுக்குச் சுவீடிஷ் மொழியில் வசன வரிகள் எழுதிப் பிழைத்தார். திரையின் அடியில் இரண்டே வரிக்குள் ஒரு ஆளின் கோபத்தை அடக்க வேண்டும். அந்த மூன்று வருடம்தான் அவருடைய பிற்காலக் கவிதைகளை உருவாக்கியது என்பது என் கருத்து. தொகுப்பாளர் இதை ஏற்கவில்லை.

அந்தக் காலத்தின் முடிவில்தான் யாங்கோனுக்கு வந்தார். ஆற்றில் தேக்கு மரங்கள் மிதந்து வருவதைப் பார்க்க வேண்டும் என்று வந்தவர், தேக்கை விட்டுவிட்டு, பானை செய்யும் ஊரான த்வாண்டேயிலிருந்து பானை ஏற்றிவரும் படகுகளைப் பற்றி ஒரு திரைக்கதை எழுதத் தொடங்கினார். விசா முடியும்வரை நான்கு வாரம் இருந்தார். அந்தப் படம் எடுக்கப்படவேயில்லை. அந்த நான்கு வாரத்தில் அவருக்கு டைப் அடித்துக் கொடுத்ததும், க்யிம்யிண்டைங் படகுத்துறையில் பர்மிய மொழி பேசிக் கொடுத்ததும் என் அக்கா.

இதை அக்கா சொல்லி நாங்கள் யாரும் நம்பவில்லை. முதலில் அதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

அக்காவுக்கு அப்போது இருபத்தேழு வயது. அவள் டைப்பிஸ்டாக இருந்த கம்பெனி மூடிவிட்டது. நீதிமன்றத்துக்குப் பக்கத்து நடைபாதையில் குடை விரித்து மேசை போட்டு டைப் அடிக்கிறவர்களின் வரிசையில், தெரிந்த ஒருவரின் மேசையில் பாதி நாள் உட்கார்ந்திருந்தாள். ஒரு வெள்ளைக்காரப் பெண், கையில் தூக்கும் டைப்ரைட்டரோடு அங்கே வந்து, ரிப்பன் சிக்கிவிட்டது என்றாராம். அக்கா சிக்கலை எடுத்துக் கொடுத்தாள். மறுநாள் முதல் அவருக்கே வேலை. நான் அந்த மாதங்களில் வேலையாக மௌலமியைங் ஊரில் இருந்தேன். திரும்பி வந்தபோது அக்கா வலது மணிக்கட்டில் கட்டோடு உட்கார்ந்திருந்தாள். “சுவீடன்காரம்மாவோட வேலை பார்த்தேன். படத்துக்குக் கதை எழுதுறவங்க” என்றாள். நான் சிரித்தேன். அன்று நோட்டில் எழுதியது இன்னும் இருக்கிறது: “அக்கா ஒரு மாதமாக வேலையில்லாமல் வீட்டில். கை சுளுக்கு.”

பிறகு யாரும் அதைப் பேசவில்லை, என் மனைவியின் அண்ணன் ஒருவரைத் தவிர. லான்மடா பகுதியில் தார்ப்பாயும் நைலான் கயிறும் விற்கிற கடை அவருடையது. அவருக்கு இது வருடக்கணக்கில் ஓடிய வேடிக்கை. வீட்டுக் கல்யாணம், காதுகுத்து எதுவானாலும், அக்கா உள்ளே வந்தால், “வாங்க சுவீடன் மகாராணி, நாற்காலி போடுங்கப்பா” என்பார். அக்கா அதற்கு முகத்தைத் திருப்பிக்கொண்டதில்லை. “மகாராணிக்குக் காப்பில சீனி கம்மியா போடச் சொல்லு” என்று போய் உட்கார்ந்துகொள்வாள். அவளுக்கு வலிக்கவில்லை என்று நான் நினைத்துக்கொண்டேன். அப்படி நினைப்பது எனக்கு வசதியாக இருந்தது.

பன்சோடான் தெருவில் பழைய புத்தகம் விரிக்கும் ஒருவரிடம், போன வருடம் மழை தொடங்குவதற்கு முந்தைய ஒரு சனிக்கிழமை, வட ஐரோப்பியக் கவிஞர்களின் ஆங்கிலத் தொகுப்பு ஒன்று கிடைத்தது. கவிஞர்களைப் பற்றிய குறிப்புகளில் ஒன்றில், “ஒரு மழைக்காலத்தில் யாங்கோனில் தங்கி, படமாகாத ஒரு திரைக்கதையை எழுதினார்” என்று இருந்தது. நேராக க்யிம்யிண்டைங்குக்கு, அக்கா வீட்டுக்குப் போனேன். அவள் இப்போதும் தனியாகத்தான் இருக்கிறாள். ஒரு வக்கீல் அலுவலகத்தில் ஆங்கிலப் பத்திரங்கள் தயாரிக்கிறாள். புத்தகத்தைக் காட்டினேன். அவள் குறிப்பைப் படித்தாள். பெயரின் மேல் விரலை வைத்தாள்.

“இவங்கதான்,” என்றாள். “செத்துட்டாங்களா?”

“நாலு வருஷம் ஆச்சு.”

“லெட்டர் போடறேன்னு சொன்னாங்க. வீட்டு நம்பரை மாத்திக் குடுத்துட்டேனோன்னு ரொம்ப நாள் நினைச்சேன்.”

அன்று அலமாரியிலிருந்து அவள் எடுத்துக் காட்டியதுதான் அந்தப் படம். பெரிய பகோடாவின் மேடையில் ஒரு மூலை. மழையில் நனைந்த வெள்ளைக்காரப் பெண் ஒருத்தி, தூக்கிய கையில் கிண்ணத்தோடு, சிறிய புத்தர் சிலையின் மேல் தண்ணீர் ஊற்றுகிறாள். முகத்தில் முக்கால் பங்கைத் தூக்கிய கையும் ஈரத் தலைமுடியும் மறைத்திருக்கின்றன. சிலையின் கீழே நாகம் தெளிவாகத் தெரிகிறது. படம் முழுவதும் ஒரு பக்கமாகச் சாய்ந்திருக்கிறது.

அன்றைக்கே முடிவு செய்தேன், அக்காவின் பெயர் அவர் வாழ்க்கைக் குறிப்பில் வந்தே ஆக வேண்டும் என்று. அவருடைய எல்லா எழுத்துகளையும் தொகுத்துவருகிற ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் இருப்பதைக் கண்டுபிடித்தேன். அவருக்கு எழுதினேன். கவிஞரின் குறிப்பேட்டில் “என் டைப்பிஸ்ட்” என்று பல இடங்களில் வருவதாகவும், பெயர் எங்கேயும் இல்லை என்றும், ஆதாரம் தந்தால் குறிப்பில் பெயரைச் சேர்ப்பேன் என்றும் அவர் பதில் எழுதினார். படத்தை அனுப்பினேன். அதோடு நிறுத்தியிருக்க வேண்டும்.

யாங்கோனில் வளர்ந்தவர்களுக்கு நான் செய்த தவறு புரியும். பகோடாவின் மேடையைச் சுற்றி ஒவ்வொரு கிழமைக்கும் ஒரு மூலை உண்டு. திங்களுக்குப் புலி, வியாழனுக்கு எலி, சனிக்கு நாகம். புதன்கிழமைக்கு மட்டும் காலைக்கு ஒன்று, மாலைக்கு ஒன்று. பிறந்த கிழமையின் மூலைக்குப் போய், வயதுக்கு ஒன்று வீதமும் மேலே ஒன்றும் சேர்த்துக் கிண்ணத்தால் தண்ணீர் ஊற்றுவார்கள். நாங்கள் அம்மன் கோயிலுக்குப் போகிறவர்கள்தான். ஆனாலும் யார் எந்த மூலைக்குப் போகிறார்கள் என்பது சின்ன வயதிலிருந்து கண்ணில் பட்ட விஷயம். நாக மூலையில் ஒரு பெண் தண்ணீர் ஊற்றுகிறாள் என்றால் அவள் சனிக்கிழமைக்காரி. அதில் யோசிக்க எனக்கு ஒன்றும் இருக்கவில்லை. கவிஞரின் பிறந்த தேதிக்குக் கிழமை கணக்கிட்டுப் பார்த்தேன், வியாழன் வந்தது. நான் பார்த்த மூன்று நூல்களும் ஒரே தவறைச் செய்திருக்கின்றன, ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதியிருக்கிறார்கள் என்று முடிவுகட்டி, ஒன்றரைப் பக்கத்துக்கு விளக்கம் எழுதியனுப்பினேன். அனுப்பிய அன்று எனக்கு இருந்த பெருமையையும் நோட்டில் எழுதியிருக்கிறேன். அதை இங்கே எடுத்தெழுதப் போவதில்லை.

பதில் வந்த மறுநாள் புதன். வேலை முடிந்ததும் அக்காவிடம் போனேன். அவள் வாசல் கம்பியில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். கடிதத்தைத் தமிழில் படித்துக் காட்டினேன். அவள் கடைசித் துணியையும் போட்டு, கிளிப்பை மாட்டிவிட்டு வந்தாள்.

“அப்போ அது அவங்க இல்லைங்கறாங்களா?”

“நான் எழுதினதாலதான் அப்படிச் சொல்றார். சனிக்கிழமைன்னு நான்தான்...”

“நீ ஏன் அப்படி எழுதின?”

“நாக மூலை அக்கா. படத்துல நாகம் இருக்கே.”

“அது என் மூலைடா,” என்றாள். “நான் சனிக்கிழமை.”

“நீ திங்கக்கிழமை. என் நோட்ல இருக்கு.”

“உன் நோட்டை ஆத்துல போடு. பள்ளிக்கூடத்துல ஹெட்மாஸ்டர் எழுதின தேதி அது. அம்மாவுக்கு இங்கிலீஷ் தேதி என்ன தெரியும்? தை மாசம், சனிக்கிழமை, அவ்வளவுதான் சொல்லும். கார்டுல என் பர்மா பேரு என்ன எழுத்துல ஆரம்பிக்குது?”

எங்கள் ஒவ்வொருவருக்கும் வீட்டில் ஒரு தமிழ்ப் பெயர், அடையாள அட்டையில் ஒரு பர்மியப் பெயர். பர்மியப் பெயரின் முதல் எழுத்து பிறந்த கிழமையைப் பார்த்து வைப்பது. அக்காவுக்குப் பிரசவம் பார்த்த பக்கத்து வீட்டு அம்மாள் வைத்த பெயர் அது. சனிக்கிழமை எழுத்தில்தான் ஆரம்பிக்கிறது. அந்தப் பெயரை எத்தனை விண்ணப்பங்களில் என் கையால் நிரப்பியிருப்பேன்! கிழமை கணக்கிடுவதில் கெட்டிக்காரன் என்று பெயரெடுத்த நான், கூடப் பிறந்தவளின் கிழமையைத் தவறாக எழுதி வைத்திருந்தேன்.

“சரி, உன் மூலைல அவங்க எதுக்கு ஊத்தினாங்க?”

அப்போதுதான் அவள் அந்தக் கடைசி வாரத்தைச் சொன்னாள். இத்தனை வருடத்தில் நாங்கள் கேட்டிருந்தால் எப்போதோ சொல்லியிருப்பாள்.

மூன்றாவது வாரக் கடைசியில், படகுத்துறைப் படியில் பாசி வழுக்கி அக்கா விழுந்து மணிக்கட்டு வீங்கிவிட்டது. டைப் அடிக்க முடியாது. வேறு ஆளை வைத்துக்கொள்ளுங்கள் என்று சொல்லப் போனாள். அவர் ஏற்கவில்லை. அக்கா அவரைச் சயாமா என்றுதான் கூப்பிட்டிருக்கிறாள். பர்மிய மொழியில் ஆசிரியைக்கும் மரியாதைக்குரிய பெண்ணுக்கும் அதுதான் வழக்கம். சயாமா நாற்காலியை மாற்றிப் போட்டாராம். “இதுவரைக்கும் நான் சொன்னேன், நீ அடிச்சே. இனி நீ சொல்லு, நான் அடிக்கிறேன்” என்றாராம். இரண்டே விரலால் அடிப்பாராம். அக்கா சொல்லும் வேகத்துக்கு ஈடுகொடுக்க முடியாமல் தன் மொழியில் திட்டிக்கொள்வாராம்.

“என்ன சொன்னே?”

“படகுத்துறைல கேட்டதுதான். ஒரு பொம்பளை த்வாண்டேலேருந்து பானை ஏத்திக்கிட்டு வர்றா. நடு ஆத்துல மழை. பானையெல்லாம் வாயைத் திறந்துக்கிட்டு நிக்குது, ஒவ்வொண்ணா ரொம்புது. படகு கனம் தாங்காம இறங்குது. இவ ஒவ்வொரு பானையா தூக்கி ஆத்துல கவுக்கறா. கடைசிப் பானைக்கு வர்றதுக்குள்ள முதல் பானை ரொம்பிடுது. சயாமா டைப் அடிக்கறதை நிறுத்திட்டாங்க. அப்புறம் என்ன ஆச்சுன்னு கேட்டாங்க. அப்புறம் ஒண்ணும் ஆகலை, கரைக்கு வந்துட்டா, பானையை வித்துட்டான்னேன். சிரிச்சாங்க, சிரிச்சாங்க, அப்படிச் சிரிச்சாங்க.”

சயாமா ஊருக்குக் கிளம்புவதற்கு முந்தின நாள் இருவரும் பகோடாவுக்குப் போயிருக்கிறார்கள். கிழமை மூலைகளைப் பற்றி அக்கா சொல்லியிருக்கிறாள். “உன் மூலையில் ஊற்று, கை குணமாகட்டும்” என்று சயாமா சொல்லியிருக்கிறார். அக்காவால் வலது கையைத் தூக்க முடியவில்லை. இடது கையால் ஊற்றலாமே என்று கேட்டிருக்கிறார்.

“சாமிக்கு இடது கையாலயா?” என்று அக்கா என்னிடமே கோபித்துக்கொண்டாள், ஏதோ நான் சொன்னது போல. “முடியாதுன்னுட்டேன். அப்போ என் கையை வச்சுக்கோன்னு கிண்ணத்தை வாங்கிக்கிட்டாங்க. எத்தனைன்னு கேட்டாங்க. வயசுக்கும் மேல ஒண்ணுன்னேன். அவங்க மொழில எண்ணிக்கிட்டே ஊத்தினாங்க. கேமராவை என்கிட்ட குடுத்துட்டுப் போயிருந்தாங்க. நான் இடது கையால எடுத்தேன். அதான் கோணலா இருக்கு. அன்னிக்கு சாயந்தரமே கடைல கழுவி எனக்குக் குடுத்துட்டுப் போனாங்க.”

நான் நோட்டை எடுத்திருந்தேன். “எத்தனை கிண்ணம்?”

“இருபத்தெட்டு.”

“நிச்சயமா?”

“எனக்காக ஒருத்தர் ஊத்தின தண்ணிய நான் எண்ணாம இருப்பேனா?”

அந்த எண்ணை எழுதும்போதுதான் யோசனை வந்தது. கவிஞர் எதையும் வீணாக்காதவர். தொலைபேசி நிலையத்தில் காதில் விழுந்த பேச்சை இருபது வருடம் கழித்துக் கவிதையாக்கியவர். அந்த மழை, அந்த மூலை, அந்தக் கிண்ணங்கள் அவருடைய காகிதங்களில் எங்கேயாவது இருக்க வேண்டும். இருந்தால் எண்ணும் இருக்கலாம். ஆனால் எண்ணை முதலில் நாங்கள் சொல்ல வேண்டும். அவர்கள் சொன்ன பிறகு நாங்கள் ஆமாம் என்றால் அது சாட்சியாகாது.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்தேகாலுக்கு அக்காவை அழைத்துக்கொண்டு லான்மடாவுக்கு, மச்சான் கடைக்குப் போனேன். நம்பாத ஒருவர் கையெழுத்துப் போட்டால் சாட்சிக்கு மதிப்பு அதிகம் என்பது என் எண்ணம். அவர் தார்ப்பாய்ச் சுருள் ஒன்றின் மேல் உட்கார்ந்து கயிறு அளந்துகொண்டிருந்தார்.

“மகாராணி கடைக்கே வந்துட்டாங்க! மாப்ளே, கம்பளம் இல்ல, தார்ப்பாய் விரிக்கட்டுமா?”

“விரிங்க,” என்றாள் அக்கா. “நீலக் கலரா விரிங்க. அது அவங்க கொடிக் கலரு.”

விஷயத்தைச் சொன்னேன். அக்கா சொல்வதை ஆங்கிலத்தில் எழுதி வைத்திருக்கிறேன், இந்த நாள் இந்த நேரத்தில், எந்தக் கவிதையையும் காகிதத்தையும் பார்ப்பதற்கு முன்னால் அக்கா இதைச் சொன்னாள் என்று நீங்கள் சாட்சிக் கையெழுத்துப் போட வேண்டும் என்றேன். அவர் தாளை வாங்கி மெதுவாக, உதட்டை அசைத்துப் படித்தார். இடது கை, சாய்ந்த படம், இருபத்தெட்டுக் கிண்ணம். படித்து முடித்தபின் கேலி செய்யவில்லை.

“இடது கையால ஊத்த மாட்டேன்னா சொன்னீங்க?” என்று கேட்டார்.

“பின்னே?”

“இதைக் கதை கட்டறவன் கட்ட மாட்டான் மாப்ளே,” என்று என்னிடம் சொன்னார். “வெள்ளைக்காரி வந்தா, படம் எடுத்தா, போனாம்பான். இடது கைக்கு எங்க போவான்?” கையெழுத்துப் போட்டார். கடை முத்திரையையும் குத்தினார். அது தேவையில்லை என்று நான் சொல்வதற்குள் இரண்டாவது முறையும் குத்திவிட்டார்.

மறுநாள் மின்சார முறை காலையில். ஒன்பது மணிக்கு அனுப்பிவிட்டேன். என் திருத்தம் தவறு, வியாழன்தான் சரி, பதிவேடுதான் சரி என்று முதல் வரியிலேயே எழுதினேன். வாக்குமூலம், அக்காவின் அடையாள அட்டையின் பர்மியப் பெயர், அந்த எழுத்து சனிக்கிழமைக்கு உரியது என்ற விளக்கம், எல்லாவற்றையும் இணைத்தேன். கடைசியில் ஒரே கேள்வி கேட்டேன்: தண்ணீர் ஊற்றுவதைப் பற்றி அவர் ஏதாவது எழுதியிருக்கிறாரா?

பதினெட்டு நாள் பதில் இல்லை. அந்த நாட்களில் நான் சும்மா இருக்கவில்லை. படத்தை எடுத்துக்கொண்டு பகோடாவுக்குப் போய், நாக மூலையில் நின்று, பின்னால் தெரியும் தூணையும் மணியையும் ஒப்பிட்டேன். தூணில் பூச்சு மாறியிருந்தது. மணி அதேதான். அக்காவுக்கு விசாரணை மாதிரி பல கேள்விகள் போட்டேன். டைப்ரைட்டர் என்ன நிறம், அவர் எந்தக் கையில் கடிகாரம் கட்டியிருந்தார், என்ன சாப்பிட்டார். “மீன் குழம்பை முகர்ந்து பார்த்துட்டு ரெண்டு தட்டு சாப்பிட்டாங்க. போதுமா போலீஸ்காரரே?” என்றாள்.

பத்தொன்பதாம் நாள், வெள்ளிக்கிழமை, பதில் வந்தது. தொகுப்பாளர் நீளமாக எழுதுகிறவர் அல்ல. கவிஞரின் வீட்டில் கிடைத்த அட்டைப்பெட்டியில் பிற்காலத்து, அச்சாகாத கவிதைகள் இருப்பதாகவும், தனக்கும் கவிஞரின் மகளுக்கும் தவிர வேறு யாருக்கும் அவற்றைத் தெரியாது என்றும் எழுதியிருந்தார். அவற்றில் தலைப்பில்லாத ஒரு கவிதை. மழையில், தன்னுடையதல்லாத ஒரு மூலையில், இன்னொருத்தியின் கைக்காகத் தன் கையால் தண்ணீர் ஊற்றுகிற பெண். அதில் ஓர் எண் வருகிறது. சுவீடிஷ் மொழியில் அந்தச் சொல்லை அப்படியே எழுதி, பக்கத்தில் இலக்கத்திலும் போட்டிருந்தார். இருபத்தெட்டு. “அந்த எண்ணுக்கு என்ன பொருள் என்று இத்தனை நாள் எங்களுக்குத் தெரியவில்லை. இப்போது தெரிகிறது. தங்கள் சகோதரிக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள். குறிப்பில் அவர் பெயர் வரும்.”

இதை அக்காவிடம் போனில் சொல்லக் கூடாது என்று பேருந்தில் போனேன். கேட்டுவிட்டு அவள் வலது மணிக்கட்டை இடது கையால் பிடித்துக்கொண்டாள். “எண்ணிருக்காங்க பாரு,” என்றாள். பிறகு, “மச்சான்கிட்ட நீ சொல்லாத. நான் சொல்றேன்.” எப்படிச் சொன்னாள் என்று எனக்குத் தெரியாது. அடுத்த வாரம் அவர் என்னிடம், “மாப்ளே, நம்ம அக்கா பேரு புத்தகத்துல வருதாமே” என்று எனக்கே செய்தி சொன்னார். “நம்ம அக்கா” என்றார்.

இதற்கு நடுவே இன்னொன்றையும் அக்காவிடம் கேட்டேன். யாங்கோனிலிருந்து போனபின் கவிஞர் எழுதி, அவருக்குப் பெரும்பேர் வாங்கிக் கொடுத்த படத்தில் ஒரு காட்சி உண்டு. ஏரி நடுவே துடுப்புப் படகு. அதில் மூடியில்லாத பால் கேன்கள். மழை. ஒரு பெண் கேன்களை ஒவ்வொன்றாகக் கவிழ்க்கிறாள். இது உன் பானைதானே, இதையும் குறிப்பில் சேர்க்கச் சொல்கிறேன் என்றேன். அக்கா தலையாட்டவில்லை.

“அந்த ஊர்லயும் மழை பெய்யும், படகும் இருக்கும். எனக்குத் தெரிஞ்சதை மட்டும் எழுது. நான் கூட இருந்தேன். அதுதான் எனக்கு வேணும்.”

ஆகவே சேர்க்கச் சொல்லவில்லை. இரண்டு விரலால் அடித்த அந்தப் பக்கங்கள் அட்டைப்பெட்டியில் இருந்தால் அவை பேசட்டும்.

தொகுப்பாளருக்கு இன்னும் ஒன்று தேவைப்பட்டது, ஆண்டு. கவிஞரின் பழைய பாஸ்போர்ட் இல்லை. குறிப்பேட்டில் நாளும் மாதமும் உண்டு, ஆண்டு எழுதும் பழக்கம் அவருக்கு இல்லை. என் நோட்டில் இருக்குமே என்று நீங்கள் கேட்கலாம். அந்தக் காலத்து நோட்டை நான் வருடத்துக்கு ஒன்றாக வைக்கவில்லை. ஈரம் குடித்து அட்டை கிழிந்த ஒரே கட்டு அது. மௌலமியைங்குக்கு நான் இரண்டு வருடம், இரண்டு மழைக்காலம் போய்வந்தேன். தாளின் தலையில் இருந்த தேதியும் கிழமையும் ஈரத்தில் அழிந்துவிட்டதால், அந்த வரி எந்த வருடத்துத் தாளில் இருக்கிறது என்று சொல்ல முடியவில்லை. அக்காவின் வயதை வைத்துக் கணக்கிடலாம் என்றால், சான்றிதழ்ப்படி ஒரு வருடம் வருகிறது. அம்மா சொன்னபடி அவள் தை மாதச் சனிக்கிழமை பிறந்தவள் என்றால், பள்ளித் தேதிக்கு முந்தைய தையிலும் பிறந்திருக்கலாம், அப்போது முந்தைய வருடமும் பொருந்துகிறது.

“ரெண்டுல ஒண்ணைப் போடேன்,” என்றாள் அக்கா. “யாரு வந்து கேக்கப் போறா?”

நான் கேட்பேன். ஒரு கிழமையை உறுதியாகச் சொல்லப்போய் அவளை இழக்க இருந்தேன். இரண்டு ஆண்டுகளையும் எழுதி, இரண்டில் ஒன்று, எது என்று தெரியவில்லை என்று அனுப்பினேன். அப்படியே அச்சிடுவதாகத் தொகுப்பாளர் ஒப்புக்கொண்டார்.

அக்டோபர் முதல் வியாழனன்று அக்கா அரை நாள் விடுப்புப் போட்டாள். இருவரும் பகோடாவுக்குப் போனோம். நாக மூலையைத் தாண்டி மேற்கே, எலி மூலைக்குப் போனாள். கவிஞரின் கிழமை. என் தவறால் அக்காவுக்குத் தெரியவந்த கிழமை. “எத்தனை வயசுல போனாங்க?” என்று கேட்டாள். சொன்னேன். பின்னால் ஒரு குடும்பம் காத்திருந்தது. முதலில் அவர்களை விட்டுவிட்டு, பிறகு கிண்ணத்தை வலது கையில் எடுத்தாள். கொஞ்சமில்லை, நிறைய நேரம் ஆயிற்று. அவளும் எண்ணினாள், நானும் எண்ணினேன். கணக்கு ஒத்துப்போயிற்று. மேலே ஒன்றையும் ஊற்றிவிட்டுக் கிண்ணத்தைக் கவிழ்த்து வைத்தாள்.

வீட்டுக்கு வந்து பழைய நோட்டுக் கட்டை எடுத்தேன். “வேலையில்லாமல் வீட்டில்” என்பதை ஒற்றைக் கோட்டால் அடித்தேன், அடித்தது தெரியும்படி. மேலே எழுதினேன்: “நான்கு வாரம், சுவீடன் நாட்டுக் கவிஞரும் திரைக்கதையாசிரியருமான ஒருவரிடம் டைப்பிஸ்டாகவும் மொழிபெயர்ப்பாளராகவும் வேலை பார்த்தாள். கடைசி வாரம் அவள் சொல்ல, அவர் டைப் அடித்தார்.” ஆண்டுக்கு இடம் விட்டு, அதற்குக் கீழே இதையும் எழுதி வைத்திருக்கிறேன்: இது நடந்த ஆண்டு இரண்டில் ஒன்று. எது என்பது இன்றுவரை உறுதிசெய்யப்படவில்லை.